ஒரு நாளைக்கு ஒரு நகம்

போன வாரம், நாய்களைக் குளிப்பாட்டி முடி வெட்டும் நம் ஆட்களின் வாட்ஸ்அப் குழுவில், புதிதாக வேலைக்குச் சேர்ந்த பெண் ஒருத்தி ஒரு கேள்வி போட்டிருந்தாள். “நகம் வெட்டக் காலைத் தொட்டாலே குட்டி கடிக்க வருகிறது, என்ன செய்வது?” பதில்கள் வந்து குவிந்தன. வாய்க்கூடு மாட்டு என்றான் ஒருவன். போர்வையில் சுற்றிப் பிடி என்றான் இன்னொருவன். ஒரு மகராசி வீடியோவே அனுப்பிவிட்டாள். அதில் ஒரு நாயைத் துணித்தொட்டிலில் தொங்கவிட்டு, நாலு காலும் அந்தரத்தில் ஆட, கீழே ஒருவர் உட்கார்ந்து சந்தோஷமாக நகம் வெட்டிக்கொண்டிருந்தார். அந்த நாயின் முகத்தை யாராவது பார்த்தீர்களா என்று கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை. வேலையை விட்டுப் போனவள் குழுவில் இருப்பது காலை வணக்கம் போடத்தான் என்று வாயை மூடிக்கொண்டேன்.

ஆனால் மனசு கேட்கவில்லை. அதனால் எழுதுகிறேன். நீளமாகத்தான் இருக்கும். சில்க் போர்டு சிக்னலில் நிற்கும்போது படித்துக்கொள்ளுங்கள், அங்கே நேரம் நிறையக் கிடைக்கும்.

நகத்தை எப்படி வெட்டுவது என்று நான் சொல்லப்போவதில்லை. எந்தக் கோணம், எவ்வளவு நீளம் என்பதெல்லாம் உங்களுக்குப் பயிற்சியிலேயே சொல்லிக் கொடுத்துவிடுகிறார்கள். எங்களுக்கு அந்தக் காலத்தில் அதுவும் இல்லை. நான் ஆஸ்டின் டவுனிலிருந்து நடந்தே அடுகோடிக்குப் போய், ஒரு சின்ன நாய் கிளினிக்கில் உதவியாளாகச் சேர்ந்தவள். அங்கே எனக்கு ஒரு சீனியர் இருந்தார். சாயங்காலம் கடை சாத்தும்போது, இன்றைக்கு எத்தனை நாய் முடித்தாய் என்று அவர் கேட்டதே இல்லை. “இன்னிக்கு எதைச் செய்யாம விட்டே?” என்றுதான் கேட்பார். ஒன்றுமில்லை, எல்லாம் முடித்துவிட்டேன் என்று பெருமையாகச் சொன்னால் முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விடுவார். பைத்தியக்கார மனுஷன் என்றுதான் அப்போது நினைத்தேன். அவர் கேட்டது எதற்கு என்று எனக்கு முழுசாகப் புரிந்தது, நான் வேலையை விடுவதற்கு முந்தின வருஷம், வைட்ஃபீல்டில் ஒரு அடுக்குமாடி வீட்டில்.

ஒரு புதன்கிழமை மத்தியானம் போன் வந்தது. நிவேதா என்று ஒரு பெண். தமிழ்ப் பெண், ஐ.டி. வேலை. அவளும் அவள் கணவன் கார்த்திக்கும் ஆரணிப் பக்கத்துக்காரர்கள். வீட்டில் நாலு மாதக் குட்டி ஒன்று இருக்கிறது, பெயர் பஜ்ஜி என்றாள்.

“வர்ற ஞாயித்துக்கிழமை அவனை வேற ஒருத்தருக்குக் குடுத்துடறோம் மேடம். ஆனேக்கல் பக்கம் தோட்டம் வெச்சிருக்காங்க. அதுக்குள்ள குளிப்பாட்டி, நகமெல்லாம் வெட்டி, நல்லபடியா அனுப்பணும்.”

அந்த ‘நல்லபடியா’வில் அவள் குரல் உடைந்தது. இந்த மாதிரி வேலைகள் எனக்கு அறவே பிடிக்காது. கொடுத்துவிடப்போகிற நாயைக் குளிப்பாட்ட உட்கார்ந்தால் கை ஓடாது. ஆனாலும் ஒப்புக்கொண்டேன். நான் போகாவிட்டால் வேறு யாராவது போவார்கள், அவ்வளவுதானே.

அன்றைக்கே டிரினிட்டியில் மெட்ரோ ஏறிக் கடைசி வரைக்கும் போய்விட்டேன். அதெல்லாம் சுகமாகத்தான் இருந்தது. அங்கிருந்து வீட்டுக்குப் போகிற ரெண்டு கிலோமீட்டரில்தான் ஆட்டோ அப்படியே நின்றுவிட்டது. கேட்டில் செக்யூரிட்டியிடம் பெயர், பிளாக், எதற்கு வந்தேன் என்று எல்லாம் சொல்லி, போட்டோவுக்குச் சிரித்து, மேலே போய்ச் சேர்ந்தபோது மணி அஞ்சைத் தாண்டிவிட்டது.

கதவைத் திறந்தவன் கார்த்திக், இதற்காகவே ஆபீஸிலிருந்து சீக்கிரம் வந்திருந்தான். கழுத்தில் இயர்போன் தொங்குகிறது. வலது கை கட்டை விரலுக்குக் கீழே பிளாஸ்திரி. நான் அதைப் பார்ப்பதைக் கவனித்து, “ஊசியெல்லாம் போட்டுட்டேன் மேடம்” என்றான். நிவேதா பின்னால் நின்றாள். சமையலறை வாசலில் கார்த்திக்கின் அம்மா சரோஜா, முந்தானையில் கையைத் துடைத்தபடி. அறுபது வயது இருக்கும். நாய் எங்கே என்று கேட்டேன். மூன்று பேரும் ஒரே நேரத்தில் சோபாவைக் காட்டினார்கள்.

“ஆறு மணிக்கு எனக்கு ஒரு மீட்டிங் இருக்கு மேடம். நான் போர்வையில சுத்திப் பிடிச்சுக்கறேன். நீங்க டக்குனு முடிச்சிருங்க” என்றான் கார்த்திக்.

“விளக்கு வெக்கறதுக்குள்ள முடிச்சிடும்மா” என்றார் சரோஜா அம்மா. “அதுக்கப்புறம் நகம் வெட்டக் கூடாது.”

“நாய்க்குமா?” என்றேன்.

“நகம் நம்ம வீட்டுக்குள்ளதானே விழுது?”

 நான் தரையில் குப்புறப் படுத்து சோபாவுக்கு அடியில் எட்டிப் பார்த்தேன். பிஸ்கட் நிறத்தில் ஒரு நாட்டு நாய்க்குட்டி, சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டு கிடந்தது. நாலு காலையும் வயிற்றுக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தது. நான் எந்த வீட்டுக்குப் போனாலும் நாயிடம் முதலில் கன்னடத்தில்தான் பேசுவேன், அது நாக்கில் ஒட்டிக்கொண்ட பழக்கம். “பாரோ மரி, பாரோ” என்று குட்டியை வரச் சொல்லிக் கூப்பிட்டேன்.

“அதுக்குத் தமிழ்தான் தெரியும்மா” என்றார் சரோஜா அம்மா மேலேயிருந்து.

சரி என்று தமிழில் கூப்பிட்டேன். முகத்தைப் பார்த்துப் பேசினால் வாலை லேசாக ஆட்டியது. கையைக் கால் பக்கம் நகர்த்தினால் பல்லைக் காட்டியது. மறுபடி முகம், வால். மறுபடி கால், பல். இது கெட்ட நாய் இல்லை, காலைப் பற்றி மட்டும் பயந்துபோன நாய் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

இந்த இடத்தில்தான் நீங்கள் என் கூட உட்கார்ந்து யோசிக்க வேண்டும். பையில் வாய்க்கூடு இருக்கிறது. பிடிக்க ஒரு வாலிபப் பையன் இருக்கிறான். கையில் நாய் நகம் வெட்டும் கிளிப்பர் இருக்கிறது. கூப்பிட்டவர்களே அவசரப்படுத்துகிறார்கள். ஒரு பக்கம் மீட்டிங், ஒரு பக்கம் விளக்கு. போர்வையில் சுற்றினால் அரை மணியில் முடிந்துவிடும். ஞாயிற்றுக்கிழமை குட்டி போய்விடும், அதற்கப்புறம் என்ன ஆனாலும் நம் தலைவலி இல்லை. யாரும் நம்மைக் குறை சொல்லவும் மாட்டார்கள். இவ்வளவு வசதியும் ஒன்றாகச் சேர்ந்து வந்தால் எனக்கு உடனே சந்தேகம் வந்துவிடும். அன்றைக்கும் வந்தது.

பலவந்தமாக வெட்டினால் நகம் குறையும். ஆனால் அந்தக் குட்டி ஆயுசு பூராவும் யாருக்கும் காலைக் கொடுக்காது. தோட்டத்துக்குப் போகிற நாய்க்குக் காலில் முள் குத்தினால் எடுக்க விடுமா? கடித்து வைக்கும். அங்கேயும் வேண்டாம் என்பார்கள். அதற்கப்புறம் அதன் கதி என்ன என்று எனக்குத் தெரியும், அப்படிப்பட்ட நாய்களை நான் தெருவில் பார்த்திருக்கிறேன்.

எழுந்து உட்கார்ந்து கிளிப்பரைத் தரையில் வைத்தேன். “எப்படி ஆச்சுன்னு முதல்ல சொல்லுங்க” என்றேன்.

கார்த்திக் மணியைப் பார்த்தான். ஆனாலும் சொன்னான். அம்மாவுக்குச் செவ்வாய் ஆகாது, வெள்ளி ஆகாது. மற்ற நாட்களில் இவன் வீட்டுக்கு வருவதற்குள் விளக்கு வைத்துவிடுகிறார்கள். ஆக, குட்டி வந்ததிலிருந்து நகத்தில் யாரும் கை வைக்கவே இல்லை. பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஊசி ஊசியாக வளர்ந்துவிட்டது. போன ஞாயிற்றுக்கிழமை இன்றைக்கு விட்டால் முடியாது என்று உட்கார்ந்திருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை எப்படிப் போகும் என்று தெரியாதா? லேட்டாக எழுந்து, சாப்பிட்டு, தூங்கி, ஞாபகம் வந்தபோது சாயங்காலம். விளக்கு வைப்பதற்குள் எல்லா நகத்தையும் முடித்தாக வேண்டும். நிவேதா ஒரு கையில் குட்டியையும் ஒரு கையில் டார்ச்சையும் பிடிக்க, போனில் வீடியோ ஓட, இவன் கட கடவென்று வெட்டியிருக்கிறான்.

பஜ்ஜிக்கு நகமெல்லாம் கறுப்பு. வெள்ளை நகமாக இருந்தால் உள்ளே ரத்தம் ஓடுகிற சதை ரோஸ் நிறத்தில் வெளியிலேயே தெரியும். கறுப்பில் ஒன்றும் தெரியாது. நுனியைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சீவிப் பார்த்துத்தான் போக வேண்டும். இவன் ஒரே வெட்டாக வெட்டிவிட்டான். குட்டி வீல் என்று கத்தியது. வெள்ளை டைல்ஸில் ரத்தம்.

“அப்புறம்?” என்றேன்.

“இன்னும் மூணு கால் பாக்கி இருந்துச்சு மேடம். பாதியில எப்படி விடறதுன்னு...”

“அடுத்த காலைப் பிடிச்சீங்க.”

“ஆமா.”

“அது உங்க கையைப் பிடிச்சிது.”

அவன் தலையைக் குனிந்துகொண்டான். ஆழமாக வெட்டியது விபத்து. அது யாருக்கும் நடக்கும். கை தேர்ந்தவர்களுக்கே நடக்கும். முதல் சொட்டைப் பார்த்ததும் கொஞ்சம் சோள மாவை அழுத்திப் பிடித்து, குட்டியை மடியில் போட்டுத் தட்டிக்கொடுத்து, அன்றைக்குக் கடையைச் சாத்தியிருந்தால் பஜ்ஜி மறுநாள் மறந்திருப்பான். வலித்த பிறகும் விடவில்லை என்பதைத்தான் அவன் மறக்கவில்லை. எந்த வீட்டில் எந்தக் குட்டி கடித்தாலும், கடிப்பதற்கு முன்னால் யாரோ ஒருவர் ‘இன்னும் கொஞ்சம்தான் பாக்கி’ என்று சொல்லியிருப்பார்.

“சரி, ஒரு கடிக்காகவா குடுக்கறீங்க?” என்று கேட்டேன். கொஞ்சம் சூடாகவே கேட்டுவிட்டேன் போலிருக்கிறது. நிவேதா என்னைப் பார்த்தாள், பிறகு மாமியாரைப் பார்த்தாள்.

“எனக்குக் கடிச்சது பத்திக் கவலை இல்ல மேடம்” என்றான் கார்த்திக். “அம்மா, காலைக் காட்டுங்க.”

“அதெல்லாம் ஒண்ணுமில்ல” என்று அவர் நகர்ந்தார். நிவேதாதான் புடவையைக் கணுக்காலுக்கு மேலே கொஞ்சம் தூக்கிக் காட்டினாள். முழங்காலுக்குக் கீழே கோடு கோடாகச் சிவப்புக் கீறல்கள். சோறு வைக்கப் போகும்போதெல்லாம் குட்டி சந்தோஷத்தில் மேலே தாவுகிறது, நகம் கிழிக்கிறது.

“அம்மாவுக்குச் சர்க்கரை இருக்கு. அப்பாவுக்கும் இருந்துச்சு. அவர் ஒரு நாள் அவரே கால் நகத்தை வெட்டினப்ப சதையில பட்டுருச்சு. இத்துனூண்டு காயம். ஆறவே இல்ல. கடைசில விரலையே எடுத்துட்டாங்க.” அவன் குரல் இறங்கிவிட்டது. “இன்னொரு தடவை என்னால அதைப் பார்க்க முடியாது. பஜ்ஜி எனக்கும் உசுருதான். ஆனா அம்மா கால் முக்கியம்.”

எனக்கு இருந்த கோபமெல்லாம் எங்கே போனது என்று தெரியவில்லை. அவன் ஏன் அவ்வளவு ஒட்ட வெட்டினான் என்பதும் அப்போதுதான் புரிந்தது. அம்மா காலில் கீறல் விழக் கூடாது என்று ஒரே நாளில் நகத்தை இல்லாமல் ஆக்கப் பார்த்திருக்கிறான். அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அவன் சொன்னதிலும் தப்பில்லை. சர்க்கரைக்காரர் காலில் கீறலை விளையாட்டாக எடுத்துக்கொள்ள முடியாது. நாயை வைத்துக்கொள்ளுங்கள் என்று நான் எந்த வாயால் சொல்வேன்?

ஆனால் இன்னொன்றும் என் கண்ணில் பட்டுக்கொண்டே இருந்தது. சரோஜா அம்மா சோபாவின் ஓரத்தில் வந்து உட்கார்ந்திருந்தார். அவர் உட்கார்ந்ததும் சோபாவுக்கு அடியிலிருந்து ஒரு மூக்கு வெளியே வந்து அவர் குதிகாலில் ஒட்டிக்கொண்டது. அவர் காலை நகர்த்தவில்லை. பகல் முழுக்க இவர்கள் இருவரும் ஆபீஸில். அந்த மாடியில் அவருக்குக் கன்னடமும் தெரியாது, இந்தியும் தெரியாது. பேச்சுத் துணை என்று இருப்பது அந்தக் குட்டி ஒன்றுதான்.

“நீங்க என்ன சொல்றீங்கம்மா?” என்று அவரைக் கேட்டேன்.

“நான் என்ன சொல்றது. போவட்டும். தோட்டத்துல ஓடியாடி இருக்கும்.” பிறகு யாரிடமும் இல்லாமல் சொன்னார். “ஒரே நாள்ல அத்தனையும் வெட்டினா எப்படித் தாங்கும். இவங்கப்பாவுக்கு நான் ஒரு நாளைக்கு ஒரு விரல்தான் வெட்டுவேன்.”

கார்த்திக் நிமிர்ந்தான். “நீங்களா வெட்டினீங்க?”

“பின்ன யாரு? விரல் போனதுக்கப்புறம் அவர் நகவெட்டியைக் கண்டாலே காலை இழுத்துக்குவாரு. பதினோரு மணி வெயில்ல வாசல்ல உக்கார வெச்சு, ஒரு விரல். கடைசி வரைக்கும் ஒரு சொட்டு ரத்தம் வரல.”

“எனக்குத் தெரியாதேம்மா.”

“நீ இங்க இருந்தே. இதெல்லாம் போன்ல சொல்ற விஷயமா?” என்றார். சாதாரணமாகத்தான் சொன்னார்.

எனக்கு எழுந்து நின்று கை தட்ட வேண்டும் போல இருந்தது. நான் வாயால் சொல்லியிருந்தால் அரை மணி நேரம் ஆகியிருக்கும், அதையும் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள். தினம் கொஞ்சமாக நுனியை மட்டும் எடுத்தால் உள்ளே இருக்கிற சதையும் மெள்ள மெள்ளப் பின்வாங்கிவிடும், நகமும் குட்டையாகும், கூரும் போய்விடும். நம் வேலையில் இதைவிடப் பெரிய ரகசியம் எதுவும் இல்லை. அதைச் செய்து பழகிய கை அந்த வீட்டிலேயே இருக்கிறது.

“அப்ப இவனுக்கும் நீங்களே வெட்டுங்கக்கா” என்றேன். அம்மா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவள் அக்கா என்று எப்போது மாறினேன் என்று எனக்கே தெரியவில்லை.

அவர் பதறிவிட்டார். “ஐயோ, நானா? அவர் போனதுலேர்ந்து நகவெட்டியை நான் கையில எடுக்கல. என் நகத்தையே நிவேதாதான் வெட்டி விடறா.”

அதற்கு மேல் நான் வற்புறுத்தவில்லை. நாயை வற்புறுத்தக் கூடாது என்று உட்கார்ந்திருப்பவள் மனுஷியை எப்படி வற்புறுத்துவது? கார்த்திக்கிடம் சொன்னேன். இன்றைக்கு ஒரு நகமும் வெட்டப்போவதில்லை. ஞாயிற்றுக்கிழமை ஏற்பாட்டை மாற்றவும் சொல்லவில்லை. அதுவரைக்கும் அம்மா கிட்டப் போகும்போது முழங்கால் வரைக்கும் தடிமனான சாக்ஸ் போட்டுக்கொள்ளட்டும், அந்தக் கீறல்களை நாளைக்கே டாக்டரிடம் காட்டிவிடுங்கள். சோறு வைக்கும்போது குட்டியை உட்கார வைத்துவிட்டு வையுங்கள். கிளிப்பரை இங்கேயே விட்டுப் போகிறேன், அது தரையிலேயே கிடக்கட்டும், குட்டி மோந்து பார்க்கட்டும். அக்காவுக்கு முடிந்தால் காலைத் தொட்டுக்கொண்டே ரெண்டு துண்டு வேக வைத்த கேரட் கொடுக்கட்டும். தொடுவது மட்டும். சனிக்கிழமை காலையில் வந்து கிளிப்பரை எடுத்துக்கொள்கிறேன்.

“அப்ப இன்னிக்கு வந்தது?” என்றான் கார்த்திக்.

“இன்னிக்கு வெட்டாம இருக்கறதுக்கு வந்தேன்” என்றேன். அவன் சிரிக்கவில்லை. மீட்டிங்குக்குப் போய்விட்டான். நான் படியிறங்கும்போது மேலே விளக்கு ஏற்றிவிட்டார்கள், ஊதுவத்தி வாசனை வந்தது. மெட்ரோவில் வரும்போது பயமாகத்தான் இருந்தது. ரெண்டு நாளில் ஒன்றும் நடக்காமல், ஞாயிற்றுக்கிழமை அந்தக் குட்டி நீள நகத்தோடு போய்ச் சேர்ந்தால், நான் செய்தது வெறும் பிடிவாதம் என்றுதானே ஆகும்? நல்ல முடிவு எடுத்துவிட்டால் நிம்மதியாகத் தூக்கம் வரும் என்று யாராவது உங்களிடம் சொன்னால் நம்பாதீர்கள்.

சனிக்கிழமை பதினோரு மணிக்குப் போனேன். நிவேதா கதவைத் திறந்து, உதட்டில் விரலை வைத்து, பால்கனியைக் காட்டினாள்.

சரோஜா அக்கா வெயிலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். முழங்கால் வரைக்கும் மகனுடைய பச்சை நிற ஃபுட்பால் சாக்ஸ். பக்கத்தில் எவர்சில்வர் டப்பாவில் கேரட். அவர் தொடையில் தலையை வைத்துப் பஜ்ஜி படுத்திருந்தான். முன்னங்கால் ஒன்று அவர் உள்ளங்கையில் இருந்தது. ரெண்டு நாளில் இது எல்லா வீட்டிலும் நடக்காது, அதையும் சொல்லிவிடுகிறேன். வாரக்கணக்கில் ஆகும், மாதமும் ஆகும். இங்கே சீக்கிரம் நடந்தது, அந்தக் கை அவனை ஒருநாளும் வலிக்க வைத்ததில்லை என்பதால்தான்.

நான் கதவோரமே நின்றுவிட்டேன். அவர் கிளிப்பரை எடுக்கவில்லை. மடியிலிருந்து மனிதர்கள் வெட்டும் சாதாரண நகவெட்டியை எடுத்தார். பஜ்ஜியின் காது நிமிர்ந்தது. கால் கொஞ்சம் இழுபட்டது. அவர் விட்டுவிட்டார். விட்டதும் அது மறுபடி தானாக வந்து கையில் உட்கார்ந்தது. அவர் தன்னுடைய சுண்டு விரல் நகத்தை வெட்டினார். டிக் என்று சத்தம். ஒரு துண்டு கேரட் அவனுக்கு. இன்னொரு விரல், டிக், இன்னொரு துண்டு.

“அவருக்கும் இப்படித்தான்” என்றார் என் பக்கம் திரும்பாமலே. “முதல்ல எனக்கு வெட்டிக் காட்டுவேன். அப்புறம்தான் காலைக் குடுப்பாரு. குழந்தை மாதிரி.”

பிறகு தரையில் கிடந்த என் கிளிப்பரை எடுத்தார். எப்படிப் பிடிப்பது என்று திருப்பித் திருப்பிப் பார்த்தார். நான் போய்ப் பிடிக்கலாமா என்று ஒரு கணம் நினைத்தேன், அசையவில்லை. ஒரே ஒரு நகம். அரிசி முனை அளவுக்கு நுனியை மட்டும் எடுத்தார். பஜ்ஜி கேரட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். நடந்தது அவனுக்குத் தெரியவே இல்லை.

அக்கா அந்தக் காலைப் பிடித்தபடியே அழுதார். நிவேதா ஓடிவந்து பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள். என் கண்ணும் கலங்கிவிட்டது, அதில் வெட்கம் என்ன இருக்கிறது. ஆனால் புத்தி மட்டும் சும்மா இருக்குமா? குட்டி அமைதியாக இருக்கிறது, வெயில் இருக்கிறது, எல்லாம் கூடி வந்திருக்கிறது, இப்படியே இன்னும் ரெண்டு மூன்று நகம் முடித்துவிட்டால் நாளைக்குக் கார்த்திக்கிடம் காட்டலாமே என்று ஆசை வந்தது. “அக்கா, இன்னும் ஒண்ணு...” என்று ஆரம்பித்தேன்.

அவர் கிளிப்பரை மடக்கிக் கீழே வைத்துவிட்டார். “இன்னிக்கு இவ்ளோதான்” என்றார், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

அடுகோடி சீனியர் அங்கே இருந்திருக்க வேண்டும் என்று நினைத்தேன். எதைச் செய்யாமல் விட்டாய் என்று அன்றைக்கு அவர் கேட்டிருந்தால் பதில் சொல்ல என்னிடம் நிறைய இருந்தது. கிளிப்பரை எடுக்கத்தான் போனேன், எடுக்காமலேயே திரும்பி வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மத்தியானத்துக்கு மேல் கார்த்திக் கூப்பிட்டான்.

“ஆனேக்கல்லேர்ந்து வந்தாங்க மேடம்.”

“ம்.”

“அம்மா காபி போட்டுக் குடுத்தாங்க. குடிச்சிட்டுப் போயிட்டாங்க.”

“பஜ்ஜி?”

“அவன் அம்மா மடியில காலை நீட்டிப் படுத்திருந்தான். இதையா குடுக்கறீங்கன்னு அவங்களே கேட்டாங்க.” உடனே அடுத்ததைச் சொன்னான். “டாக்டர் அம்மா காலைப் பார்த்தாரு. மேலோட்டமான கீறல்தான், ஆறுதுன்னு சொன்னாரு. நகம் மழுங்கற வரைக்கும் சாக்ஸ் போட்டுக்கணும். நான் தினமும் ராத்திரி அம்மா காலை டார்ச் அடிச்சுப் பார்க்கறேன் மேடம். அம்மா திட்டறாங்க.”

“திட்டட்டும். நீங்க பாருங்க” என்றேன்.

கதை இத்தோடு முடிந்தது என்று நானும் நினைத்தேன். பிறகு ரெண்டு மாதம் போயிருக்கும். அதே வளாகத்தில் வேறு பிளாக்கில் ஒரு பொமரேனியனுக்கு முடி வெட்டப் போனேன். முடித்துவிட்டு, அக்காவைப் பார்க்காமல் போனால் நன்றாக இருக்காது என்று மேலே ஏறினேன். பதினோரு மணி வாக்கில்தான். அன்றைக்கு வெள்ளிக்கிழமை. வாசலில் புதுக் கோலம், வீடெல்லாம் சாம்பிராணி.

அக்கா காபி கொடுத்துவிட்டுப் பால்கனியில் என்னோடு உட்கார்ந்தார். சாக்ஸ் இல்லை. காலில் கீறலும் இல்லை. உள்ளே எங்கேயோ தூங்கிக்கொண்டிருந்த பஜ்ஜி, டைல்ஸில் சத்தமே இல்லாமல் நடந்து வந்தான். நாய் நடக்கும்போது டக் டக் என்று கேட்காவிட்டால் நகம் சரியாக இருக்கிறது என்று அர்த்தம். ஆறு மாத வயதாகிவிட்டது, நன்றாக வளர்ந்துவிட்டான். என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நேராக அக்காவிடம் போய், வெயிலில் உட்கார்ந்து, முன்னங்காலைத் தூக்கி அவர் மடியில் வைத்தான்.

“டேய், இன்னிக்கு வெள்ளிக்கிழமைடா” என்றார் அக்கா. “போ. நாளைக்கு வா.”

அவன் காலை எடுக்கவில்லை.

“அதுக்குத் தமிழ் தெரியும்னீங்களேக்கா” என்றேன்.

“எல்லாம் தெரியும். வெள்ளிக்கிழமைதான் புரிய மாட்டேங்குது. வாரா வாரம் இதே ரோதனை.” அவர் சலித்துக்கொண்டே ஒரு கையால் காபி டம்ளரை ஓரமாக வைத்தார். மறு கையால் அந்தக் காலைப் பிடித்துக்கொண்டார். நாங்கள் பேசி முடிக்கும் வரைக்கும் அவர் அதை விடவில்லை, அவனும் எடுக்கவில்லை.